டஸ்ற் ஹாமர் குழுவில் ஆள் மாறிய விதம்

2018 ஜனவரி பதினெட்டாம் திகதி வியாழக்கிழமை காலை ஆறரை மணிக்கு, மொன்றியல் நகரத்துச் சென்ட் லோரன்டில் ஒரு மூன்றாம் மாடி வீட்டில், அல்பேட் பல் விளக்கக் குளியலறைக்குள் போனார். ஆறு நாற்பதுக்குக் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தவர் அல்பேட் இல்லை. டஸ்ற் ஹாமர் என்ற அவுஸ்திரேலிய றொக் இசைக்குழுவில் இருபத்தொரு வருடம் ட்ரம்ஸ் அடித்த மிக் என்பவர். வெளியே மைனஸ் இருபத்திரண்டு பாகை குளிர். மிக் கட்டைக் காற்சட்டையும் கையில்லாத பெனியனும் போட்டிருந்தார். ஒரு கையில் ட்ரம்ஸ் தடிகள், மற்றக் கையில் அல்பேட்டின் பல் தூரிகை. அடுப்படியில் புட்டு அவித்துக்கொண்டிருந்த யோசெப்பின், தம்பி போன வழியால் ஒரு வெள்ளைக்காரன் வருவதைக் கண்டும் நீத்துப்பெட்டியைக் கீழே போடவில்லை. போட்டால் வேலைக்குப் பிந்திவிடும். "அல்பேட் எங்கை?" என்று மட்டும் கேட்டாள். மிக்கிடமும் ஏறக்குறைய அதே கேள்விதான் இருந்தது. தான் எங்கே என்று அவர் கேட்டார்.

சத்தம் கேட்டு எழும்பி வந்த மகன் றொக்சனுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. அவனுடைய அறைச் சுவரில் பன்னிரண்டு வயதிலிருந்து ஒட்டியிருக்கும் முகம் அது. நடந்ததை அவன்தான் கேட்டு மொழிபெயர்த்துச் சொன்னான். அடிலெய்டில் பாட்டுக்காரர் கிளெனுடன் மிக்குக்கு வாய்ச்சண்டை முற்றியிருக்கிறது. "நான் இனி இந்தக் குழுவில் இல்லை" என்று அவர் அறைக் கதவை அறைந்து சாத்தியிருக்கிறார். அங்கே சாத்திய கதவு இங்கே திறந்துவிட்டது. மத்தியானம் றொக்சனின் கைபேசியில் அடிலெய்டு இரவுக் கச்சேரியின் பதிவு ஓடியது. ஐயாயிரம் பேருக்கு முன்னால், நீலச் சாரத்தை மடித்துக் கட்டியபடி, துறைமுகத்தில் கொள்கலன் லொறி ஓட்டும் அல்பேட் ட்ரம்ஸ் அடித்துக்கொண்டிருந்தார். தாளம் ஓரிடத்திலும் பிசகவில்லை. முகம் மட்டும் தவறான பஸ்ஸில் ஏறியவருடைய முகமாக இருந்தது.

காரணம் தெரிய இரண்டு நாள் பிடித்தது. சென்ட் லோரன்டில் படிவம் என்றால் அருமைராசா. யோசெப்பினின் கணவர். அகதிப் படிவம், ஸ்பொன்சர் படிவம், பிள்ளைகளின் பாடசாலைப் படிவம், எதைக் கொண்டுபோனாலும் கறுப்புப் பேனையால் நிரப்பித் தருவார். அவரிடம் ஒரே ஒரு வேதவாக்கு உண்டு: இன்றைக்குப் படிவத்தில் விடுபட்டவனை நாளைக்குக் கூப்பிட முடியாது. முந்தின நவம்பரில் மேசையில் ஒரு பிரெஞ்சுப் படிவம் கிடந்தது. டஸ்ற் ஹாமர் கச்சேரி நுழைவுச்சீட்டுக்காக ஒரு இசைத்தட்டுக் கடை வைத்த போட்டி அது. குழுவின் இன்றைய அங்கத்தவர்கள் யார், எவர் எந்தத் திகதியில் உள்ளே வந்தார் என்று கேட்டிருந்தது. பாதியில் விட்டுப்போனவன் றொக்சன். அருமைராசாவின் கண்ணில் பட்டது இரண்டு சொற்கள்தான்: அங்கத்தவர், உள்வந்த திகதி. எந்தக் குழுவின் அங்கத்தவர், எதற்குள் வந்த திகதி என்று அவர் பார்க்கவில்லை. இருபது வருடமாக அவர் நிரப்பிய படிவங்களில் அந்தச் சொற்களுக்கு ஒரே அர்த்தம்தான். நாட்டுக்குள் வந்த ஒழுங்கில் எழுதினார். முதலில் தொண்ணூற்று மூன்றில் அகதியாக வந்த யோசெப்பின். இரண்டாவது அவள் கூப்பிட்ட தான். பிறகு இங்கே பிறந்த றொக்சன், ஜெசிக்கா. ஐந்தாவது, கடைசியாக வந்து சேர்ந்த மைத்துனர் அல்பேட். விலகியவர்கள் என்ற பெட்டியில் 'ஒருவரும் இல்லை' என்று எழுதிக் கையொப்பமிட்டு, பிரதி எடுத்து வைத்துக்கொண்டு, பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டார்.

அந்தப் பிரதியை விரித்துவைத்து றொக்சன் விளக்கினான். படிவத்தின் ஐந்து வரியும் குழுவின் ஐந்து இடங்கள். ஐந்தாவது ட்ரம்ஸ். நாலாவது பேஸ் கிற்றார், அது ஜெசிக்கா. மூன்றாவது துணைக் கிற்றார், அது தான். இரண்டாவது தலைமைக் கிற்றார், அது அப்பா. முதலாவது பாட்டு. அங்கே விலகுகிறவன் இங்கே வருவான். அந்த வரியில் இருக்கிறவர் அங்கே போவார்.

"அப்ப முதலாவது நானோ?" என்றாள் யோசெப்பின்.

"ஓமம்மா. ஆனா பயப்பிடாதைங்கோ. கிளென்தான் குழுவைத் தொடங்கின ஆள். முப்பத்துநாலு வருசத்திலை பத்தொன்பது பேரைக் கலைச்சிருக்கிறார், தான் ஒருநாளும் விலகேல்லை."

"எனக்குப் பயம் நான் போறதைப் பற்றியில்லையடா," என்றாள் யோசெப்பின். கணவரின் பக்கம் திரும்பினாள். "இப்ப என்னப்பா செய்யிறது?"

"திருத்தக் கடிதம் போட்டிருக்கிறன்."

"எவ்வளவு நாள் எடுக்கும்?"

"வழமையா பதினெட்டு மாசம்."

பதினெட்டு மாசத்துக்குள் இரண்டு பேர் போனார்கள், கடிதத்துக்குப் பதில் வரவேயில்லை. 2018 ஒக்டோபரில், பேஸ் கிற்றார்காரர் சைவ உணவுக்கு மாறியதைக் கிளென் பகிடி பண்ண, அவர் கோபித்துக்கொண்டு விலகினார். கார்டெறி என்ற குழந்தைகள் காப்பகத்தில் பன்னிரண்டு குழந்தைகளைப் படுக்கவைத்துக்கொண்டிருந்த ஜெசிக்காவின் இடத்தில் நரைத்த தாடியுடன் வந்து உட்கார்ந்தார். குழந்தைகள் எழும்பவில்லை. மறு வருடம் துணைக் கிற்றார்காரர் விலக, றொக்சன் போனான். அவன் மட்டும் மூன்று நாளாகப் பெட்டியைக் கட்டிவைத்துக் காத்திருந்தான். கொரோனா இரண்டு வருடமும் ஒருவரும் எதிலிருந்தும் விலகவில்லை. 2022 மே மாதத்தில் தலைமைக் கிற்றார்காரர் ஞாயிறு பூசைக்கு நடுவில், காணிக்கைத் தட்டு வரும் நேரத்தில், யோசெப்பினின் பக்கத்தில் வந்து நின்றார். அருமைராசாவின் செபமாலை அவருடைய கையில் இருந்தது. அவர் அதைத் தட்டில் போட்டுவிட்டார்.

போனவர்கள் வாரத்துக்கு நாலு தரம் தொலைபேசி எடுத்தார்கள். திரும்பி வரத்தான் முடியவில்லை. அல்பேட் விமான டிக்கற் எடுத்து ஏறினார். மொன்றியலில் இறங்கி நடந்தவர் சிட்னியில் ஒத்திகை அறைக்குள் போய்ச் சேர்ந்தார். இங்கே வந்தவர்களோ நன்றாக ஊன்றிக்கொண்டார்கள். மிக் அல்பேட்டின் லொறியை ஓட்டினார். பேஸ்காரர் கார்டெறியில் நிரந்தரமானார். ஆனால் நாலு பேரிடமும் குழு ஏன் உடைந்தது என்று கேட்டால் நாலு கதை வரும். பாட்டை எழுதினது தான்தான், திருடினது கிளென்தான் என்பதில் மட்டும் நாலு பேரும் ஒற்றுமை. யோசெப்பின் மருந்துப் பக்டரியில் எட்டு மணித்தியாலம் பெட்டி கட்டிவிட்டு வருவாள். கதவைத் திறந்தால் நாலு அவுஸ்திரேலியர் சாப்பாட்டு மேசையில் இருந்து, 1999இல் சொன்ன ஏதோ ஒரு வார்த்தைக்காகச் சண்டை பிடித்துக்கொண்டிருப்பார்கள். சில நாட்களில் அவளுக்குத் தான் யாருடைய வீட்டுக்கு வந்திருக்கிறோம் என்பதே பிடிபடாது. றொக்சன் என்று கூப்பிட்டால் துணைக் கிற்றார்காரர் ஓம் என்பார். அதுவும் பழகிவிட்டது. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது.

இடையில் கிளென் இரண்டு தரம் ஓய்வு பெற்றார். முதல் தரம் யோசெப்பின் பெட்டி கட்டும் வரிசையிலிருந்து பதினொரு நிமிடம் காணாமற்போனாள். பேர்த் நகர மேடையில் அருமைராசாவின் தோளைத் தொட்டாள். ஜெசிக்கா ஓடிவந்து கட்டிப்பிடிக்கும் முன் மறுபடி மருந்துப் பெட்டிகளுக்கு முன்னால் நின்றாள். ஜனவரி மாதத்தில் முதுகு வியர்த்து நனைந்திருந்தது. இரண்டாம் தரம் ஒன்றரை நாள் கிடைத்தது. கிளென் மனம் மாறிவிட்டார், இவள் திரும்பிவிட்டாள். முதலில் கிடைக்காததைவிட, கிடைத்துப் போனதுதான் அவளைத் தின்றது.

2024 செப்டெம்பரில் டஸ்ற் ஹாமர் மொன்றியலுக்கு வந்தது. குடும்பமே அதே நகரத்தில் நின்றது. ஆனால் மெட்றோவில் ஏறிய ஜெசிக்கா எந்த ஸ்டேசனில் இறங்கினாலும் கச்சேரி மண்டபத்தின் வாசலில்தான் ஏறி வெளியே வந்தாள். ஆகவே யோசெப்பின் வேலை முடிந்ததும், தலைமயிரை மூடிய பக்டரி வலையுடனேயே, பின்னேரம் மூன்றரைக்கு மண்டபத்துக்குப் போனாள். மேடையில் கச்சேரிக்கு முன் ஒலி சரிபார்க்கும் வேலை நடந்துகொண்டிருந்தது. நாலு பேரும் ட்ரம்ஸ் பெட்டியைச் சுற்றி இருந்து முன்னூற்றிநாலு விளையாடினார்கள். அந்தச் சீட்டாட்டத்துக்கு நாலு பேர் போதும். ஐந்தாவது ஆளான கிளென் ஓரத்தில் தனியே நின்று வாழைப்பழம் தின்றார். ஆறு வருடம் ஒரே பஸ்ஸில் இந்தக் குடும்பத்துடன் சுற்றியதில் அவருக்கு யாழ்ப்பாணத் தமிழ் வந்திருந்தது. யோசெப்பினைவிட ஆறு வயது மூத்தவர். ஆனாலும் அல்பேட் கூப்பிடுகிறபடியே கூப்பிட்டார்.

"வாங்கோ அக்கா. சாப்பிட்டியளோ?"

"நான் சாப்பாட்டுக்கு வரேல்லை. என்ர ஆக்களை விட்டுவிடும்."

"விட்டுப் பாத்தனான். போன மாசி அல்பேட்டைக் கலைச்சனான். மிக் திரும்பி வந்தான். மூண்டாம் நாள் என்னோடை சண்டை பிடிச்சுக்கொண்டு போட்டான். உங்கட தம்பி பேந்தும் இஞ்சை."

அது உண்மை. அந்த மூன்று நாளும் அல்பேட் வீட்டில் நின்று, மூன்று வேளையும் கணவாய்க் கறி தின்றுவிட்டுப் போனது அவளுக்கு நினைவிருந்தது.

"அப்ப நீர் போம்," என்றாள் யோசெப்பின்.

"நானோ? இது என்ர குழு. நான் இல்லாட்டி இதிலை ஆர் இருக்கினம்?"

"என்ர மனுசன், என்ர ரெண்டு பிள்ளையள், என்ர தம்பி."

கிளென் வாழைப்பழத் தோலைக் கையில் வைத்துக்கொண்டு அந்த நாலு பேரையும் பார்த்தார். அருமைராசா துருப்புப் போட்டுக் கை தட்டினார். ஜெசிக்கா, "அப்பா கள்ள விளையாட்டு!" என்று கத்தினாள். கிளென் கொஞ்சம் தாழ்ந்த குரலில் கேட்டார். "அங்கை அவங்கள்... என்னைப் பற்றிக் கதைக்கிறவங்களோ?"

"ஒவ்வொரு நாளும்."

"என்ன கதைக்கிறவங்கள்?"

"எல்லாம் தூஷணம்தான். ஆனா வேறை ஒருத்தரைப் பற்றியும் கதைக்கிறேல்லை."

கிளென் ஒலிபெருக்கிப் பெட்டியின்மேல் உட்கார்ந்தார். கண்ணைத் துடைத்தார். பிறகு தான் இரண்டு தரம் போகப் பார்த்ததாகவும், இரண்டு தரமும் ஏதோ ஒன்று பிடித்துத் திரும்ப இழுத்துவந்ததாகவும், அது என்னவென்று இன்றைக்கும் தனக்கு விளங்கவில்லை என்றும் சொன்னார்.

"போகேக்கை என்னெண்டு சொல்லிப்போட்டுப் போனீர்?"

"அல்பேட் பழக்கினதுதான். சனத்தைப் பாத்து, போட்டு வாறன் எண்டு சொன்னனான்."

யோசெப்பின் நெற்றியில் அடித்துக்கொண்டாள். ஆறு வருடமாகத் தேடிய ஓட்டை அவளுடைய சொந்த வாயிலேயே இருந்திருக்கிறது. கடைக்குப் போனாலும், கனடாவுக்கே போனாலும், அவர்களில் ஒருவரும் 'போறன்' என்று சொல்வதில்லை. அது சவப்பெட்டிக்குரிய சொல். பிள்ளைகள் தெரியாமல் சொன்னால் வாயில் அடி விழும். வாறன் என்று சொன்னவன் வந்துதானே ஆகவேண்டும்? கிளென் வந்தார். இப்போது அவள் ஒரு மனிசனை அந்தச் சொல்லைச் சொல்லச் சொல்லிக் கேட்கவேண்டும். சொன்னவுடன் அவர் சென்ட் லோரன்டுக்குத்தான் போவாரா, அல்லது அந்தச் சொல் வழக்கமாகக் கொண்டுபோகும் இடத்துக்கே போவாரா என்று அவளுக்கு நிச்சயமில்லை. ட்ரம்ஸ் பக்கம் பார்த்தாள். றொக்சனின் தலையில் நரை விழுந்திருந்தது. இருபத்தேழு வயது. அது எப்போது விழுந்ததென்று அவளுக்குத் தெரியாது.

"மாதாவே மன்னியும்," என்று சிலுவை போட்டுக்கொண்டாள். "கிளென், வாறன் எண்டு சொல்லாதையும். போறன் எண்டு சொல்லும்."

"அக்கா, அது கூடாத சொல் எண்டு அல்பேட் சொன்னவன்."

"கூடாதுதான். எனக்காகச் சொல்லும். அடுப்பிலை மரக்கறிக் கறி கிடக்கு. மிக் இறைச்சி வைப்பான். உமக்கும் இடம் இருக்கு."

கிளென் நாற்பது வருடமாகப் பிடித்த மைக்கை ஒரு தரம் பார்த்தார். அதை அவளுடைய கையில் வைத்தார். "அப்ப நான் போறன், அக்கா," என்றார்.

மேடையில் வாழைப்பழத் தோல் மட்டும் கிடந்தது. நாலு நிமிடம் அவள் மனதுக்குள் மாதாவைக் கூப்பிட்டாள். பிறகு அவளுடைய கைபேசி அடித்தது. சென்ட் லோரன்ட் வீட்டு இலக்கம். உள்ளே ஐந்து பேர் ஒரே நேரத்தில் கத்தினார்கள், ஒரு தட்டு உடைந்தது, ஐந்தாவது குரல் அழுதுகொண்டே கறிக்கு உப்புக் காணாது என்றது. யோசெப்பின் கைபேசியை அணைத்தாள். மைக் திறந்திருப்பது தெரியாமல், "றொக்சன்! அந்தச் சீட்டை வைச்சுப்போட்டு இஞ்சை வா!" என்று கூப்பிட்டாள். மண்டபத்தின் கடைசி வரிசை வரைக்கும் கதிரைகள் அதிர்ந்தன. ஒலிக்காரன் தலையணியைக் கழற்றிவிட்டு, பெருவிரலை உயர்த்திக் காட்டினான்.

"அம்மா, முதல்லை அந்த வலையைக் கழட்டுங்கோ. மானம் போகுது," என்றான் றொக்சன். ஆனால் அவன்தான் முதலில் ஓடிவந்தான்.

அன்றைய கச்சேரிக்கு எட்டாயிரம் பேர் வந்தார்கள். நுழைவுச்சீட்டைத் திருப்பிக் கேட்டவர் ஒருவர், அவரும் வேறு நாளுக்கு வாங்கியவர். விமர்சகர்கள் கிளெனின் குரல் இந்த முறை தெளிவாக இருந்ததாக எழுதினார்கள். மறு திங்கட்கிழமை கிளென் மருந்துப் பக்டரியில் யோசெப்பினின் இடத்தில் பெட்டி கட்டினார். மேற்பார்வையாளர் அவரிடம் பொன்ஜூர் சொல்லிவிட்டு அடுத்த வரிசைக்குப் போனார். பங்குத்தந்தை அவுஸ்திரேலியர் ஐந்து பேரையும் ஒரே குடும்ப அட்டையில் பதிந்தார். குடும்பத் தலைவர் யார் என்ற இடம் மட்டும் இன்னும் வெறுமையாக இருக்கிறது, அதில் அவர்களுக்குள் இணக்கம் இல்லை.

டஸ்ற் ஹாமரில் அதன்பின் ஆள் மாறவில்லை. குழு இப்போது வருடத்தில் எட்டு மாதம் அவுஸ்திரேலியாவின் நெடுஞ்சாலைகளில் இருக்கிறது. பெற்றோல் நிலையங்களில் பஸ் நிற்கும்போதெல்லாம் அருமைராசா பத்திரிகை வாங்க இறங்குவார், அல்பேட் புகைக்க இறங்குவார், பிள்ளைகள் இரண்டும் யன்னல் பக்கத்து இருக்கைக்காக அடிபட்டுக்கொண்டு இறங்குவார்கள். சாரதி இயந்திரத்தை முடுக்கமாட்டான். யோசெப்பின் எழும்பி நின்று, விரலால் ஒவ்வொரு தலையாகத் தொட்டு, ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்று சத்தமாக எண்ணுவாள். பிறகு தன் நெஞ்சில் கையை வைத்து ஐந்து என்பாள். அதற்குப் பிறகுதான் பஸ் புறப்படும்.