வயதையும் தொழிலையும் மாற்றிவிட்டேன்

“வயசை மாத்திட்டேன், தொழிலை மாத்திட்டேன், இன்னும் என்னதான் பண்ணச் சொல்றே?”

“செருப்பை மாத்தினியாண்ணே? அதை அப்படியே எழுதி வெச்சிருக்கியே!”

அண்ணன் வீட்டு ஜன்னல் திறந்தே கிடந்தது. படியேறி வந்த பக்கத்து வீட்டுக்காரர் அங்கேயே நின்று காதைத் தீட்டிக்கொண்டார்.

அண்ணன் மனித நடத்தையை ஆராய்கிறவர். குடும்பம், சமூகம், மனசு என்று வாரப் பத்திரிகையில் கட்டுரை எழுதுகிறார், மேடைகளில் பேசுகிறார். தங்கை மருந்துக்கடையில் வேலை பார்க்கிறாள். புருஷன் விட்டுவிட்டுப் போய் ஆறு வருஷம். தனியாக இருப்பது வெளியே தெரியக்கூடாதென்று அவனுடைய பழைய செருப்பை வாசலில் போட்டு வைத்திருந்தாள். தினமும் கொஞ்சம் இடம் மாற்றி வைப்பாள். அதை அண்ணனிடம் மட்டும்தான் சொன்னாள். அவர் அதைத் ‘தனித்து வாழும் பெண்ணின் பாவனைகள்’ என்று எழுதிவிட்டார். முப்பத்தெட்டு வயது மருந்துக்கடைக்காரி, நாற்பத்தைந்து வயது தையல்காரி ஆகியிருந்தாள். செருப்பு மட்டும் செருப்பாகவே இருந்தது.

“நேத்து மாடிவீட்டுக்காரன் கதவைத் தட்டி, ‘பல்பு கில்பு மாத்தணுமா?’ன்னு பல்லைக் காட்டுறான். இத்தனை வருஷம் அந்தச் செருப்புக்குப் பயந்து ஒதுங்கிப் போனவன்!”

“சமூகத்துக்கு நல்லது நடக்கணும்னா நாலு பேர் கொஞ்சம் பொறுத்துக்கணும்மா.”

“அந்த நாலு பேர்ல நீ இருக்கியா?”

அண்ணன் அடுத்த வாரக் கட்டுரையை அவள் கையில் திணித்தார். கொழுப்பைப் பாருங்கள்! அவருக்கு டைப் அடிக்க வராது. எழுதியதைத் திரும்பப் படிக்கும் பழக்கமும் கிடையாது. இத்தனை வருஷமும் அடித்து, அவர் பெயரில் பத்திரிகைக்கு அனுப்பியவள் அவள்தான். செருப்புக் கட்டுரையை மட்டும் அவளுக்குத் தெரியாமல் வெளியே கொடுத்து அடித்திருந்தார்.

இந்த முறை அவருடைய தாள்களை அவள் பிரிக்கவே இல்லை. அவர் நடையிலேயே தானே எழுதினாள். அறுபது வயதுக் கால்நடை மருத்துவர் ஒருவர். மேடை ஏறுமுன் கண்ணில் சொட்டு மருந்து விட்டுக்கொள்வார். இருபதாவது நிமிடம் அம்மாவின் சாவைச் சொல்லிக் கலங்குவார். அந்த அம்மா செத்தபோதோ, மாநாட்டில் கைதட்டல் வாங்கிவிட்டு மூன்று நாள் கழித்துத்தான் வந்து சேர்ந்தார்.

பத்திரிகை வந்த மறுநாளே அண்ணனுக்கு ஒரு கூட்டம். இருபதாவது நிமிடம் குரல் தழுதழுத்தது. முன்வரிசையில் ஒருவர் எழுந்து, “டாக்டர், மாடெல்லாம் சௌக்கியமா?” என்றார். அரங்கமே விழுந்து விழுந்து சிரித்தது.

அண்ணன் நேரே மருந்துக்கடைக்கு வந்தார். முகம் செத்துப்போயிருந்தது.

“என் பொழப்புல மண்ணைப் போட்டுட்டியேடி, பாவி!”

“வயசும் தொழிலும் மாத்திட்டேனேண்ணே.”

அவளுக்கு வயிறு குளிர்ந்தது. ஆனால் மாடிவீட்டுக்காரன் அன்று காலையிலும் கதவைத் தட்டியிருந்தான். அதனால் ஒன்றே ஒன்று கேட்டாள்: அந்தச் செருப்புக் கதை தான் கட்டிவிட்ட பொய் என்று அவர் எழுத வேண்டும்.

“பொய்னு நானே எழுதினா, அப்புறம் என்னை எவன் நம்புவான்? முடியாது.”

பத்திரிகை ஆசிரியர் அந்த மருத்துவர் கட்டுரைக்கு இரண்டாம் பாகம் கேட்டிருக்கிறார். ‘அதை நான் எழுதவில்லை’ என்று அண்ணனால் வாய் திறக்க முடியாது. திறந்தால் அந்த மருத்துவர் அவரேதான் என்று ஊருக்கே உறுதியாகிவிடும். இரண்டாம் பாகம் அவளிடம் தயார். அண்ணியை அவர் வீட்டுக்குள் படுத்தும் பாடு முழுக்க அதில் இருக்கிறது. அனுப்பினால் அண்ணன் ஒழிந்தார். ஆனால் அண்ணியின் மானமும் சந்திக்கு வரும். அண்ணியிடம் அவள் இன்னும் கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமைக்குள் அனுப்பியாக வேண்டும். அவள் இடத்தில் நீங்கள் இருந்தால் அனுப்புவீர்களா? மழுப்பாமல் பதில் எழுதுங்கள்.