கிளியின் தொண்டை

அறையில் இருந்தவர்கள்: கட்சிச் செயலாளர், கட்சிக்காரர்கள் 'அண்ணி' என்று அழைக்கும் தலைவரின் மனைவி, மருத்துவர், கிளி. தலைவர் அடுத்த அறையில் கிடந்தார். பக்கவாதத்தில் வாய் கோணிப் பேச்சு நின்றுவிட்டது. அவரையும் ஆள் கணக்கில் சேர்ப்பதா என்பதுதான் அன்றைய பிரச்சினையே.

கிளி பலகுரல் செய்து பிழைப்பவன். போன தேர்தலில் தலைவர் குரலில் வீடு வீடாகப் போன் போட்டு ஓட்டுக் கேட்டது அவன்தான். பள்ளி விடுவதற்குள் அனுப்பிவிடுவதாகச் சொல்லித்தான் கூட்டி வந்திருந்தார்கள். அவனுக்குத் தாயில்லாத ஒரு மகள். அப்பன் வராவிட்டால் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்ற இடத்திலேயே நிற்பாள்.

செயலாளர் சுற்றி வளைக்கவில்லை. மாலையில் கட்சிக் கூட்டம். தனக்குப் பிறகு செயலாளர்தான் என்று தலைவர் தன் வாயாலேயே சொல்லிவிட வேண்டும். அதைத் தலைவர் குரலில் கிளி பேச, போனில் பதிவு செய்து கூட்டத்தில் போட்டுக் காட்டுவது திட்டம். மகனுக்கு மந்திரி பதவி என்ற வாக்குறுதியில் அண்ணி ஏற்கெனவே ஒப்புக்கொண்டிருந்தாள்.

கிளி வேண்டுமென்றே சொதப்பினான். ஒரு தடவை குரலை மெலிய விட்டான். மறு தடவை தப்பான இடத்தில் மூச்சு வாங்கினான். செயலாளர் கோபப்படவில்லை. போனை மடியில் வைத்துக்கொண்டு காலை நீட்டினார்.

"சொதப்பு கிளி. எனக்கு நேரம் இருக்கு. உன் பொண்ணுக்குத்தான் இல்ல."

அடுத்த தடவை கிளியின் தொண்டையில் தலைவர் வந்துவிட்டார். பொய் சொல்லுமுன் தொண்டையைச் செருமுவாரே, அதுகூடத் தப்பவில்லை. மருத்துவர் தரையைப் பார்த்தார். அண்ணி வாயைப் பொத்திக்கொண்டாள். அடுத்த அறையிலிருந்து முனகல் கேட்டது. யாரும் திரும்பவில்லை.

கிளம்புகிறேன் என்று கிளி எழுந்தான்.

"இரு. வெளிய எவனாவது கேட்டா என்ன சொல்லுவ? உன் சொந்தக் குரல்ல சொல்லு, கேப்போம்."

கிளிக்கு ஒரு கேடு உண்டு. பயம் வந்தால் சொந்தக் குரல் ஓடி ஒளிந்துகொள்ளும். மனைவி செத்த அன்று துக்கம் விசாரித்தவர்களுக்குச் சினிமா வில்லன் குரலில் பதில் சொல்லி மைத்துனனிடம் அறை வாங்கியவன் அவன். இப்போதும் வாயைத் திறந்தான். தொண்டை தானாகச் செருமியது.

"நான் இங்க வரவே இல்லை" என்றார் தலைவர்.

செயலாளர் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்தினார்.

"எவனாவது மிரட்டினா தலைவரையே கக்கிருவ போலயே."

கிளி காலில் விழுந்தான். மகள் நிற்பாள், அவளை வீட்டில் விட்டுவிட்டு ஓடி வந்துவிடுகிறேன் என்று கெஞ்சினான். அதையும் தலைவர் குரலில்தான் கெஞ்சினான். எவ்வளவு முயன்றும் மாற்ற முடியவில்லை. செயலாளரின் காலடியில் தலைவர் அழுவதை அண்ணியால் கேட்க முடியவில்லை. எழுந்து வெளியே போய்விட்டாள்.

"பொண்ண நம்ம வண்டி கூட்டிட்டு வரும். நாலாம் வகுப்புதானே?" செயலாளர் அவன் தோளைப் பிடித்துத் தூக்கி, அடுத்த அறைப் பக்கம் நடத்தினார். "அவருக்குப் பேச வராது, உனக்குப் பேசாம இருக்க வராது. ரெண்டு பேரும் சேர்ந்தா முழுசா ஒரு தலைவர்."

கட்டிலில் கிடந்தவரின் ஒரு கண் மட்டும் கிளியின் பக்கம் திரும்பியது. அவன் பின்னால் கதவைச் சாத்தி, வெளியிலிருந்து பூட்டினார்கள்.