ஆவணியில் வைப்பர் எதற்கு?

பொனட்டைத் தூக்கும்போது பஸ்தியாம்பிள்ளையின் கை இரண்டு தரம் வழுக்கியது. காலை ஏழு மணிக்கே கை வேர்த்துக் கொட்டுகிறதென்றால் பாருங்கள். பொலிஸ் நிலையத்துப் பின்முற்றத்தில், வேம்பின் கீழ், தம்பி டொமினிக்கின் ஒஸ்டின் கார் கிடந்தது. வலது பின்பக்கம் சப்பளிந்து போயிருந்தது. டிரைவர் கதவு உள்ளே அமுங்கி, சீற்றின் பாதியைத் தின்றிருந்தது. அந்தப் பாதியில்தான் நேற்றுப் பின்னேரம் டொமினிக் இருந்தான்.

"தம்பியின்ர சாமானுகள எடுத்துக்கொண்டு போங்கோ அண்ணை. வேற ஒண்டிலயும் கை வையாதேங்கோ. பத்து மணிக்குக் காரைச் சோதிக்க எக்ஸாமினர் வாறார்" என்று சொல்லிவிட்டுத்தான் கொன்ஸ்டபிள் பாக்கியரத்தினம் தேத்தண்ணி குடிக்க உள்ளே போனான். பொலிஸ் ஜீப்பைப் பத்து வருடமாகத் திருத்துகிற மனிதருக்கு இதற்கு மேல் காவல் வேண்டுமா என்ன? பஸ்தியாம்பிள்ளை செருப்புச் சோடியையும் செபமாலையையும் ஒரு துவாயையும் எடுத்து வேம்பின் வேரில் வைத்தார். பிறகு பொனட்டுக்கு வந்தார்.

பொனட்டுக்குள், கண்ணாடிக்குக் கீழே இருக்கும் தகட்டுச் சுவரில் கறுப்பாக ஒரு சின்னப் பெட்டி. ஒஸ்டின் காருக்குப் பியூஸ் இரண்டே இரண்டு. சின்னிவிரல் நீளக் கண்ணாடிக் குழாய், உள்ளே மயிர்போல ஒரு கம்பி, அவ்வளவுதான். மேலே இருப்பது ஹோர்னுக்கு. கீழே இருப்பது வைப்பருக்கு. மூடியைக் கழற்றினார். மேலே பியூஸ் இருந்தது. கீழே இரண்டு செப்புக் கவ்விகள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு வெறுமையாக இருந்தன. இருக்கும் என்று தெரிந்துதான் வந்தார்.

அந்தப் பியூஸைக் கழற்றியது வேறு யாருமில்லை, அவர்தான்.

மூன்று கிழமைக்கு முன் அவருடைய கராஜுக்கு ஒரு கலியாணக் கார் வந்தது. பொம்பிளை மாப்பிள்ளையை ஏற்றப் போகிற காருக்கு ஹோர்ன் அடிக்கவில்லை. பியூஸ் எரிந்திருந்தது. எழுபத்து நாலாம் ஆண்டு, வெளிநாட்டுச் சாமான் ஒன்றும் வராத காலம். திருகோணமலை முழுக்கத் தேடினாலும் ஒரு பியூஸ் அகப்படாது. மற்றக் கராஜ்காரர்கள் சிகரெட் பெட்டிக்குள் இருக்கும் வெள்ளித்தாளைச் சுற்றிப் பூட்டிவிடுவார்கள். பஸ்தியாம்பிள்ளை செய்யமாட்டார். பியூஸ் எரியவேண்டிய நேரத்தில் எரியாவிட்டால் கார்தான் எரியும், என்ர கையால அப்பிடி ஒரு வேலை நடக்காது என்று ஊரெல்லாம் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லுவார். அந்த நேரம் பார்த்து, வாடகைக் கார் ஓட்டுகிற டொமினிக் ஒரு ஹயர் முடித்து வந்து நின்றான்.

"டேய், உன்ர வைப்பர் பியூஸக் கழட்டட்டே? கொழும்பில இருந்து வந்த உடன போட்டுத் தாறன்."

"மழைக்கு என்னண்ணை செய்யிறது?"

"ஆவணியில வைப்பர் எதுக்கடா உனக்கு? மழை ஐப்பசியிலதான் வரும், அதுக்கு முதல் உன்ர பியூஸ் வந்திடும்."

டொமினிக் சிரித்தான். கலியாணக் கார் பீப் பீப் என்று அடித்துக்கொண்டு போனது.

அந்தக் கீழ்ப் பியூஸில்தான் பிறேக் லைற்றும் எரிகிறது; அது இல்லாவிட்டால் பிறேக் அடித்தாலும் பின்னால் லைற் எரியாது. முப்பது வருடமாகக் கார் வயர் பிடித்த மனிதருக்கு இது தெரியாதா? தெரியும். நித்திரையில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவார். அன்றைக்கு மழையை நினைத்தார், வைப்பரை நினைத்தார், அதோடு நின்றுவிட்டார். பாழாய்ப்போன மண்டை அதற்கு மேல் ஓடவில்லை.

இன்னொன்றும் இருக்கிறது, அதுதான் அவரைக் கொல்லாமல் கொன்றது. கொழும்பிலிருந்து இரண்டு பியூஸ் புதன்கிழமையே வந்துவிட்டது. பேப்பரில் சுற்றியபடியே மேசை லாச்சிக்குள் போட்டார். வியாழன் டொமினிக் கராஜைத் தாண்டிப் போனான். "ஞாயிற்றுக்கிழமை வாடா, ஆறுதலாப் போடுவம்" என்று கையைக் காட்டினார். வெள்ளி பின்னேரம் நிலாவெளியில் ஆட்களை இறக்கிவிட்டு வெறும் காரோடு திரும்பும்போது, சாம்பல்தீவுக்குக் கிட்ட ஒரு மாடு குறுக்கே விழுந்தது. டொமினிக் பிறேக் அடித்தான். பின்னால் விறகு ஏற்றி வந்த லொறி அவனை அடித்துச் சுழற்றிப் பனையோடு சாத்தியது. ஆஸ்பத்திரி வாசலில் உயிர் போய்விட்டது.

லொறிக்காரன் கிண்ணியாவைச் சேர்ந்த அபூதாஹிர். முப்பது வயது இருக்கும். றோட்டிலேயே நாலு பேர் கை வைத்துவிட்டார்கள். அடி வாங்கிக்கொண்டும், பொலிசில் இரவு முழுக்க இருந்தும் ஒரே கதைதான் சொன்னான்: முன்னால் போன காரின் பிறேக் லைட் எரியவில்லை.

இந்தக் கதை விடியமுன் வீட்டுக்கு வந்துவிட்டது. டொமினிக்கின் மனுசி மக்டலின் அழுது அழுது குரல் கட்டிப்போய்க் குசினி வாசலில் இருந்தாள். பஸ்தியாம்பிள்ளையைக் கண்டதும் எழும்பினாள்.

"அத்தான், அவன் லைற் எரியேல்ல எண்டு சொல்லுறானாம். செத்த மனுசனில பழியப் போடுறான். நீங்கள் போய்ப் பாருங்கோ. உங்கட கையால பாத்த காரெல்லே அது?"

அந்த இடத்தில் சொல்லியிருக்கலாம். குசினிப் பக்கம் அவளும் அவரும் மட்டும்தான் இருந்தார்கள். "ஓம் பிள்ளை, போய்ப் பாக்கிறன்" என்றுதான் வாய் சொன்னது. வரும் வழியில் கராஜைத் திறந்து, லாச்சியிலிருந்து ஒரு பியூஸை எடுத்துச் சட்டைப் பைக்குள் போட்டார். ஏன் எடுத்தாய் என்று கேட்டிருந்தால், சும்மாதான் என்றிருப்பார்.

இப்போது அதை வெளியே எடுத்தார். பொலிஸ் நிலையத்தின் யன்னலைப் பார்த்தார். உள்ளே யாரோ ரேடியோவைத் திருகிக்கொண்டிருந்தார்கள். கீழ்க் கவ்விக்குள் பியூஸை வைத்து அழுத்த, டிக் என்று இருந்தது. பளபளவென்று புதுசாகத் தெரிந்தது. பற்றறிக்குப் பக்கத்தில் இருந்த எண்ணெய் ஊத்தையைத் தொட்டு அதில் பூசினார். மூடியைப் போட்டார். பிறகு பின்னால் போய்க் குந்தினார். வலது பக்க லைற் உடைந்து வயர் அறுந்து தகட்டில் முட்டிக்கொண்டிருந்தது. அப்படியே விட்டால், பிறேக்கை அமத்தின உடனே பியூஸ் எரிந்துவிடும். வயர் நுனியை மெல்ல மடித்துத் தகட்டில் படாமல் விலக்கிவிட்டார். இடது பக்க லைற்றுக்கு ஒரு கீறலும் இல்லை.

சும்மா சொல்லக்கூடாது, சுத்தமான வேலை. அப்படிச் செய்யத் தெரிந்த கையை அவர் துவாயில் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். அது தம்பியின் துவாய்.

எக்ஸாமினர் பத்தரைக்கு வந்தார். மெலிந்த மனிதர், கையில் ஒரு கொப்பி. அபூதாஹிரைக் கொண்டுவந்து காரின் பின்னால் நிறுத்தினார்கள். ஒரு கண் வீங்கி இருந்தது, காலில் செருப்பில்லை. பஸ்தியாம்பிள்ளை அவனை அப்போதுதான் முதல்முதல் பார்த்தார். பார்க்காமலே இருந்திருக்கலாம்.

எக்ஸாமினர் பிறேக்கைப் பார்த்தார், சில்லைப் பார்த்தார், எழுதினார். பொனட்டைத் திறந்து பியூஸ் பெட்டியின் மூடியைக் கழற்றி ஒரு பார்வை பார்த்தார். மூடினார்.

"நீங்கள்தானே இந்தக் காருக்கு வேலை செய்யிறது?"

"ஓம் சேர்."

"லைற் எல்லாம் சரியா இருந்ததா?"

பஸ்தியாம்பிள்ளை தம்பியின் துவாயை எடுத்து முகத்தைத் துடைத்தார். துக்கம் என்று எக்ஸாமினர் நினைத்திருக்கவேண்டும். இரண்டாம் தரம் கேட்கவில்லை. "சரி, திறப்பைப் போட்டுத் திருகி, பிறேக்கை அமத்துங்கோ. அந்தக் கதவு திறக்க ஏலாது, இந்தப் பக்கத்தால போங்கோ" என்றார்.

இடது கதவால் புகுந்து, சீற்றில் வயிறு பட, குப்புறக் கிடந்துதான் அவர் பிறேக்குக்குக் கை நீட்டினார். சீற்றில் இரத்தம் காய்ந்து மொரமொரவென்றிருந்தது. தம்பியின் தலை எண்ணெய் மணம் இன்னும் போகவில்லை. டொமினிக், டொமினிக் என்று நெஞ்சு அடித்தது. கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, வலது கையால் பிறேக்கை அமத்தினார்.

அப்படிக் கிடந்தால் பின் லைற் எரிவது தெரியாது. இரண்டு சீற்றுக்கும் நடுவால் தலையைத் திருப்பினார். பின்கண்ணாடி இருந்த ஓட்டைக்குள்ளால் அபூதாஹிரின் முகம் தெரிந்தது. அந்த முகத்தில்தான் லைற் எரிந்ததை பஸ்தியாம்பிள்ளை கண்டார். அவனுடைய வாய் திறந்தது. வீங்காத கண் பெரிதாகியது. ஒரு அடி கிட்ட வந்து குனிந்து பார்த்தான்.

"இப்ப என்ன சொல்றாய்?" பாக்கியரத்தினம் அவன் பிடரியில் தட்டினான்.

"எரியுது சேர்."

"அப்ப நேத்து?"

அபூதாஹிர் லைற்றிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "நான் காணல்ல" என்றான். இரவு முழுக்க "எரியல்ல, எரியல்ல" என்று கத்தியவன், இதைத் தனக்குத்தானே சொல்லுவதுபோலச் சொன்னான். "காணல்ல போல சேர். மாட்டத்தான் கண்ட. லைட்ட நான் காணல்ல." அப்படியே மண்ணில் இருந்துவிட்டான்.

"போதும், கையை எடுங்கோ" என்றார் எக்ஸாமினர். பஸ்தியாம்பிள்ளை எடுக்கவில்லை. இரண்டாம் தரம் பலத்துச் சொன்ன பிறகுதான் எடுத்தார். வெளியே வந்தபோது எல்லாரும் அவர் பக்கம் பார்த்தார்கள். இரண்டு சொல் போதும், அந்த மனிதன் மண்ணிலிருந்து எழும்பிவிடுவான். கராஜ் போகும், மறியலில் அடைபடவும் வரலாம். அதற்குக்கூட அவர் பயப்படவில்லை. மக்டலினின் கண்ணுக்குத்தான் பயந்தார். "உங்கட கையால பாத்த காரெல்லே" என்று கேட்ட கண்ணுக்கு. சாமான்களை அள்ளிக்கொண்டு நடந்துவிட்டார்.

வீட்டுக்குள் போனதும், "எரிஞ்சதாமெல்லே?" என்றாள் மக்டலின். அவருக்கு முந்திச் செய்தி வந்திருந்தது.

"ஓம்."

அவள் செபமாலையை வாங்கிக் கண்ணில் ஒற்றினாள். "எனக்குத் தெரியும் அத்தான். நீங்கள் பாக்கிற கார் பிழை விடாது" என்றாள்.

ஞாயிறு பின்னேரம் மூன்று மணிக்கு அடக்கம். பாலையூற்று ஒழுங்கை முழுக்க வெள்ளைக் கொடி. ஹயர் கார்க்காரர்கள் எல்லாரும் வந்து வரிசையாகக் கார்களை விட்டிருந்தார்கள். சாமியார் வந்து செபம் தொடங்க இருந்த நேரம், வாசலில் சத்தம் கேட்டது. இரண்டு இளந்தாரிகள் யாரையோ தள்ளினார்கள். காலையில் பிணையில் விட்ட அபூதாஹிர். வெள்ளைச் சேட்டும் தொப்பியும் போட்டு, ஒருவரையும் துணைக்குக் கூட்டாமல், கிண்ணியாவிலிருந்து துறையைக் கடக்கும் பாதைப் படகில் ஏறித் தனியே வந்திருந்தான்.

"விடுங்கோடா அவன" என்றார் பஸ்தியாம்பிள்ளை. அந்த ஒன்றைச் சொல்லத் தைரியம் இருந்தது.

அபூதாஹிர் செருப்பை வெளியே கழற்றிவிட்டு உள்ளே வந்தான். பெட்டிக்குள் டொமினிக்கின் முகத்தை ஒருதரம் பார்த்தான். பிறகு மக்டலினைப் பார்க்க ஏலாமல் நிலத்தைப் பார்த்தான்.

"தங்கச்சி, நான் பொய் சொல்லல்ல. எரியல்ல எண்டுதான் நினைச்ச. சத்தியமா அப்படித்தான் நினைச்ச. ஆனா எரிஞ்சிருக்கு. என்ட கண்தான் காணல்ல. பன்னிரண்டு வருசம் லொறி ஓட்டுறன், ஒரு கோழியக்கூட அடிச்சதில்ல. லைசனக் குடுத்திட்டன். இனி நான் ஸ்டியரிங்கத் தொடமாட்டன். என்னைப் பொறுத்துக்கங்க."

மக்டலின் அவனைப் பார்த்தாள். பிறகு தலையைத் திருப்பினாள்.

"இந்த வீட்டுக்கு இனி மூத்தவர் அத்தான்தான். நீங்கள் சொல்லுங்கோ அத்தான். நீங்கள் பொறுத்தா நானும் பொறுப்பன்."

அபூதாஹிர் வந்து அவருக்கு முன்னால் நின்றான். இரண்டு கையாலும் பஸ்தியாம்பிள்ளையின் வலது கையைப் பிடித்தான். அவனுடைய கை சில்லிட்டிருந்தது. பஸ்தியாம்பிள்ளை வாயைத் திறந்தார். கடவுளே, இப்ப சொல்லு, இப்ப சொல்லு என்று உள்ளே ஒருவன் கிடந்து அலறினான். அவனை அவர் கழுத்தைப் பிடித்து அமத்தினார்.

"பொறுத்தாச்சு" என்றார். "போம் தம்பி."

"அல்லாஹ் உங்களுக்கு நன்மை தரட்டும்" என்றான் அபூதாஹிர். சொல்லும்போதே உடைந்து அழுதான். நின்றவர்களில் பலர் முகத்தைத் துடைத்தார்கள். சாமியாரும் பஸ்தியாம்பிள்ளையின் முதுகைத் தடவிவிட்டு, "பெரிய மனசு" என்றார்.

மூடி போட்டு ஆணி அறைந்தார்கள். ஆறு பேர் தூக்கினார்கள். முன்னால் வலது பக்கம் பஸ்தியாம்பிள்ளை. பாட்டுக் கிளம்பியது, பெண்கள் ஓலமிட்டார்கள், பெட்டி படலையைத் தாண்டியது.

ஒழுங்கை முடக்கில், சனத்தை விட்டு விலகி, அபூதாஹிர் வேலி ஓரமாக நின்றான். அவன் பெட்டியைப் பார்க்கவில்லை. இடது கண்ணை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு, வெகுதூரத்தில் சந்திக் கடையின் பெயர்ப்பலகையைப் பார்த்தான். உதடு அசைந்தது, எழுத்துக் கூட்டினான். பிறகு கையை மாற்றி, வீங்கியிருந்த மற்றக் கண்ணால் அதே பலகையைப் பார்த்தான். திரும்பவும் மாற்றினான்.

"அண்ணை, நடவுங்கோ" என்றான் பின்னால் தூக்கி வந்தவன். பஸ்தியாம்பிள்ளை பெட்டியைத் தோளில் சரிசெய்துகொண்டு நடந்தார்.