நீர் ஆதாரம் எண் இரண்டு

அம்மாவின் தலையில் அந்த வலைத்தொப்பி நிற்கவே இல்லை. மூன்றாவது முறை நழுவிக் கண்ணை மறைத்தபோது, தணிக்கைக்கு வந்திருந்த அதிகாரி வரிசரா தன் பையிலிருந்து ஒரு கொண்டை ஊசியை எடுத்து நீட்டினாள். அம்மா அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு, ஏதோ பட்டமே கிடைத்த மாதிரி குனிந்து கும்பிட்டாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வரிசராவுக்கு என் வயதுதான் இருக்கும், மிஞ்சிப் போனால் இருபத்தேழு. பேங்காக்கிலிருந்து காலை விமானத்தில் வந்து இறங்கியவள். அவளுக்காக அம்மா ஐந்து மணிக்கே எழுந்து கோழி சுட்டு, ஒட்டரிசிச் சோறு அவித்து, மூங்கில் கூடையில் மூடி வைத்திருந்தாள். தணிக்கைக்கு வந்த இடத்தில் எதுவும் சாப்பிடக் கூடாது என்பது விதியாம். வரிசரா தன் தண்ணீர் பாட்டிலைத் தானே கொண்டு வந்திருந்தாள். "பரவால்லம்மா, நீங்க சாப்பிடுங்க" என்றாள் சிரித்தபடி. எங்கள் கோழியில் கூடக் கிருமி இருக்கும் என்று நினைப்பு போல.

இந்தச் செடிக்கும் எங்கள் ஊருக்கும் உள்ள உறவை அரசாங்கம் என் ஆயுசுக்குள்ளேயே மூன்று தடவை மாற்றி எழுதிவிட்டது. நான் பள்ளிக்கூடம் போனபோது கஞ்சா வைத்திருந்தால் ஜெயில். அப்புறம் அதை மருந்து என்றார்கள், அரசு மருத்துவமனையோடு ஒப்பந்தம் போட்டால் வளர்க்கலாம் என்றார்கள். அப்புறம் யார் வேண்டுமானாலும் வளர்க்கலாம் என்று கதவை அகலத் திறந்துவிட்டு, இலவச நாற்று கொடுத்துப் போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். தெருவுக்குத் தெரு கடை முளைத்தது. எங்கிருந்தோ பெட்டி பெட்டியாக அடிமாட்டு விலைக்குக் கஞ்சாப் பூ வந்து இறங்கியது. எங்கள் பூவைச் சீந்த ஆளில்லை. இப்போது மறுபடியும் மருந்து மட்டும்தான்: வாங்குகிறவர் கையில் வைத்தியர் சீட்டு வேண்டும், விற்கிற பூ சான்றிதழ் வாங்கிய தோட்டத்துப் பூவாக இருக்க வேண்டும். நான் விதிக்கு எதிரி இல்லை. பள்ளிக்கூட வாசலில் மிட்டாய் மாதிரி விற்றதைப் பார்த்தவள்தான் நானும். ஆனால் கதவைத் திறக்கிற கையும் மூடுகிற கையும் ஒன்றாகவே இருக்க, இடுக்கில் நசுங்குகிற விரல் மட்டும் ஏன் ஒவ்வொரு தடவையும் எங்களுடையதாக இருக்கிறது?

எங்கள் சங்கத்தில் எட்டுப் பெண்கள். அம்மா தலைவி. பதினோரு மாத உழைப்பு பன்னிரண்டு கிலோ பூவாக உலர்த்தும் அறையில் தொங்கிக்கொண்டிருந்தது. வட்ட மருத்துவமனையின் மருந்துப் பிரிவு அதை வாங்கி எண்ணெய் காய்ச்சத் தயாராக இருந்தது, சான்றிதழ் இருந்தால். கொள்முதல் இந்த மாதம் முப்பதோடு முடிகிறது. அன்று தேதி ஒன்பது. சான்றிதழ் வராவிட்டால் அந்தப் பூவை வேறு யாருக்கும் விற்க முடியாது, வைத்திருக்கவும் முடியாது. சாட்சிகள் முன்னால் நாங்களே கொளுத்த வேண்டும். எட்டுப் பேரில் ஒருத்தியான காம்போங் பெரியம்மாவுக்கு இது வெறும் விற்பனை விஷயமும் இல்லை. அவள் புருஷனுக்கு ஈரலில் புற்று. எங்கள் பக்கத்து ஆம்பிளைகள் ஆற்றுமீனைப் பச்சையாகக் கொத்தித் தின்று தேடிக்கொள்கிற வியாதி. அந்த மருத்துவமனை எண்ணெய் நாக்கடியில் நாலு சொட்டு விழுந்தால்தான் அவர் கொஞ்சமாவது கண்ணயருகிறார்.

தணிக்கைக் கையேடு அறுபத்து நாலு பக்கம். எட்டுப் பேரும் சேர்ந்து படித்த படிப்பைக் கூட்டினாலும் அந்த முதல் பக்கத்தைத் தாண்டாது. குடும்பத்தில், ஏன், அந்தத் தெருவிலேயே முதல் பட்டதாரி நான். கம்பெனிக்காரர்கள் இதற்கென்று ஆலோசகரை வைத்துக்கொள்கிறார்கள். எங்கள் ஆலோசகர் நான்தான், சம்பளம் மூன்று வேளைச் சோறு. தினமும் பதிவேட்டை எழுதினேன். எத்தனை லிட்டர் தண்ணீர், என்ன உரம், எத்தனை டிகிரி, யார் உள்ளே போனார்கள், கை கழுவினார்களா. செடியிடமிருந்து கோழிகளைப் பிரித்தேன், அம்மாவிடமிருந்து வெற்றிலையைப் பிரித்தேன். இரண்டாவதுதான் கஷ்டமாக இருந்தது.

காலை நன்றாகத்தான் போனது. காலணி மாற்றும் இடம், கிருமிநாசினித் தொட்டி, வலைக் கூரை, வெப்பமானி, எல்லாவற்றுக்கும் வரிசரா கையிலிருந்த பலகைக் கணினியில் டிக் போட்டுக்கொண்டே வந்தாள். உலர்த்தும் அறை வாசலில் மட்டும் நின்று மூக்கைச் சுளித்தாள்.

"இங்க வேற ஏதோ வாசனை வருதே?"

எல்லோரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். காம்போங் பெரியம்மா முகமூடியை இன்னும் இறுக்கிக்கொண்டாள்.

"அது நாந்தாங்க ஆபீசர். ஊறவச்ச மீனும் பப்பாளியும் ஒரு தட்டு தின்னுட்டு வந்தேன். பயத்துல எனக்குப் பசி எடுக்கும்."

"உனக்கு எப்பதான் எடுக்காது?" என்றாள் பின்னாலிருந்து ஒருத்தி. வரிசராவே சிரித்துவிட்டாள். எனக்கு மூச்சு வந்தது. இதே சிரிப்போடு கிணற்றடியைத் தாண்டிவிட்டால் போதும்.

ஆழ்துளைக் கிணற்றின் பக்கத்தில் நின்று தண்ணீர்ச் சோதனை அறிக்கையைப் புரட்டினாள். "சுத்தமா இருக்கு. கம்பெனித் தோட்டங்கள்ல கூட இவ்வளவு நல்ல தண்ணி பாத்ததில்ல." பிறகு அம்மாவைப் பார்த்து, படிவத்தில் உள்ள கேள்வியை அப்படியே கேட்டாள்: "இதத் தவிர வேற தண்ணி ஏதாவது செடிக்குப் போயிருக்கா அம்மா?"

'இல்லைங்க' என்ற ஒற்றைச் சொல்லைத்தான் முந்தின வாரம் முழுக்க அம்மாவுக்குப் பயிற்சி கொடுத்திருந்தேன். ஆனால் அதுவரை டிவிக்காரி மாதிரி தலைநகரத்துப் பேச்சை இழுத்து இழுத்துப் பேசிக்கொண்டிருந்த அம்மாவுக்கு, கிணற்றுத் தண்ணீரைப் பாராட்டியதும் தலைகால் புரியவில்லை.

"போயிருக்குங்களே! சாதாத் தண்ணியா? லுவாங்போ மந்திரிச்ச தண்ணி. விகாரையிலேர்ந்து நேரா கொண்டாந்தது. அதனாலதான் பூ இந்தப் பருமன் பருத்திருக்கு."

வரிசராவின் விரல் திரைமேல் அப்படியே நின்றது.

நடந்தது இதுதான். பூ மொட்டு விடுகிற நேரத்தில் மூன்றாவது வரிசை முழுக்க மஞ்சளாக ஆரம்பித்தது. நான் கையேட்டைப் புரட்டினேன். பெண்கள் விகாரைக்குப் போனார்கள். மறுநாள் தலைமைப் பிக்கு லுவாங்போ வந்து, செடிகளுக்கு நடுவே அரைமணி நேரம் ஓதி, விளக்குமாற்றுக் குச்சிக் கட்டால் மூன்று சுற்று தண்ணீர் தெளித்தார். தண்ணீர்க் கிண்ணத்தை ஏந்திக்கொண்டு அவர் பின்னால் நடந்தவள் நான். அன்று மாலை பதிவேட்டைத் திறந்தேன். உள்ளீடு, ஆதாரம், அளவு, சோதனை எண். நாலு கட்டம். ஆசீர்வாதத்துக்கு எத்தனை மில்லிலிட்டர் என்று எழுதுவது? ஆனால் நான் எழுதாமல் விட்டது அதனால் இல்லை. உண்மையைச் சொன்னால், எனக்கு வெட்கமாக இருந்தது. யாரோ ஒரு படித்தவள் குளிரூட்டிய அறையில் உட்கார்ந்து இதைப் படித்துச் சிரிப்பாள் என்று தோன்றியது. கட்டத்தைக் காலியாக விட்டுப் பக்கத்தைத் திருப்பினேன். மஞ்சள் எப்படியோ போய்விட்டது, நான் போட்ட மெக்னீசியத்தால் என்று நான் சொல்வேன்.

"பதிவேட்டுல இது இல்லையே" என்றாள் வரிசரா, என்னைப் பார்த்து.

"அம்மா ஏதோ குழப்பிக்கிறாங்க. அது வீட்டுக்குத் தெளிச்சது."

"நாங் குழம்பறனா?" அம்மாவுக்கு ரோஷம் வந்துவிட்டது. தலைநகரத்துப் பேச்சு பறந்துபோனது. "ஏண்டி நிம், கிண்ணத்தப் புடிச்சிட்டு கூடவே வந்தவ நீதானடி! உந் துணியெல்லாம் நனஞ்சு போச்சுன்னு மூக்கால அழுவல?"

யாரோ பின்னால் சிரிக்க ஆரம்பித்து, பாதியிலேயே நிறுத்திக்கொண்டார்கள்.

"தண்ணி கூட எனக்குப் பெருசில்ல" என்றாள் வரிசரா மெதுவாக. "பதிவு பொய்னு ஆயிட்டா, பதினோரு மாசப் பதிவும் சந்தேகந்தான். அப்புறம் இந்தப் பூ மொத்தமும்..."

அவ்வளவுதான், என் வாய்க்கு இருந்த பூட்டு கழன்றது. "ஒங்க கம்பெனித் தோட்டமெல்லாம் திறப்பு விழா நடத்துதே, ஒம்போது பிக்குகள வரிசையா ஒக்கார வச்சு, வாசல்லேர்ந்து குளிரூட்டி வரைக்கும் தண்ணி தெளிச்சு, அத பேப்பர்ல வேற போடறாங்களே, அந்தத் தண்ணிக்கு சோதனை எண் கேட்டீங்களா? ஒங்க அறுபத்து நாலு பக்கத்த எழுதுனவன் இந்த ஊர்ச் சேத்துல கால வச்சிருப்பானா? செடிய வளக்கத் தெரிஞ்சவங்களுக்கு எழுதத் தெரியல. எழுதத் தெரிஞ்சவங்களுக்கு வளக்கத் தெரியல. சான்றிதழ் மட்டும் எழுதறவனுக்கே போவுது. இது மருந்துக்கு விதியா, இல்ல எங்கள வெரட்டறதுக்கு விதியா?"

நான் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றேன். அவள் கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

"கேட்டேன்" என்றாள் வரிசரா. "எல்லா எடத்துலயும் இதே கேள்வியக் கேட்டேன். 'இல்லை'ன்னாங்க. எழுதிக்கிட்டேன்." அடுத்த வார்த்தைகள் வந்தபோது பேச்சு எங்கள் பக்கத்துப் பேச்சாக மாறியிருந்தது. "எங்காத்தாவும் மரவள்ளிக் காட்டுல கெடந்துதான் என்னயப் படிக்க வச்சுச்சு. நான் பண்ணக்கூடியது ஒண்ணுதான். திரும்பவும் ஒரு தடவ கேப்பேன். அம்மா என்ன சொல்றாங்களோ அதத்தான் எழுதுவேன். தெளிக்கலன்னா விஷயம் இங்கயே முடிஞ்சுது. தெளிச்சோம்னா, நான் அந்த விகாரைத் தண்ணிய எடுத்து சோதனைக்கு அனுப்பணும். சங்கம் தானா ஒத்துக்கிட்டதுன்னு குறிப்பு எழுதறேன். ஆனா முடிவு வர மூணு வாரம். அதுவரைக்கும் பூ காயற அறைக்கு சீல்."

ஒன்பதும் இருபத்தொன்றும் முப்பது, கொள்முதலின் கடைசி நாள். கணக்கு எல்லோருக்கும் தெரிந்தது.

"செடிக்கு வேற தண்ணி ஏதாவது போயிருக்கா அம்மா?"

காம்போங் பெரியம்மா அம்மாவின் முழங்கையைப் பிடித்தாள். "இல்லன்னு சொல்லிடு, புவாலா. பொய் சொன்ன பாவம் எம் பங்குல எழுதட்டும். எம் புருஷன் தூங்கட்டும்டி."

நான் அம்மாவையே பார்த்தேன். சொல்லு, சொல்லித் தொலை என்று கண்ணால் கெஞ்சினேன். அம்மா தலையிலிருந்து வலைத்தொப்பியை உருவிக் கையில் சுருட்டிக்கொண்டாள்.

"போலீஸ் ஜீப்பு வந்தப்பல்லாம் இல்லன்னுதான் சொன்னேன். இருபது வருஷம். வாழமரத்து மறவுல ரெண்டு செடி நிக்கும். நான் வாசல்ல நின்னு, இல்லீங்கய்யா, இல்லீங்கய்யான்னு கும்புடுவேன். எதுக்கு இந்தச் சங்கத்துல சேந்தேன்? இனிமே அப்புடிச் சொல்ல வேணாம்னுதான் சேந்தேன். சட்டமாத்தானே பண்றோம்? சட்டமாப் பண்றதுக்கும் இல்லன்னு சொல்லணும்னா, அந்த வாழ மறவே போதுமே." காம்போங் பெரியம்மாவின் கையை விலக்கவில்லை. இன்னொரு கையால் அதைப் பொத்திக்கொண்டாள். "தெளிச்சோம்மா. மூணு சுத்து. எழுதிக்க."

அம்மாவைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. பெருமையாகவும் இருந்தது என்று எழுதினால் அழகாக இருக்கும், ஆனால் அப்போது பெருமை எதுவும் இல்லை. உண்மை சொல்வதற்கு இருபத்தொரு நாள் தண்டனை, 'இல்லை' என்று சொல்வதற்குச் சான்றிதழ். யாரிடம் போய்க் கத்துவது? எதிரே நின்றவள் எங்கள் பக்கத்துப் பேச்சில் வேறு பேசித் தொலைத்துவிட்டாள். காம்போங் பெரியம்மா உலர்த்தும் அறைக் கதவின் முன்னால் போய் உட்கார்ந்தாள். அவளை எழுப்பித்தான் சீல் ஒட்ட வேண்டியிருந்தது. அம்மா அவள் பக்கத்திலேயே இருந்துவிட்டாள். வரிசராவை விகாரைக்குக் கூட்டிப்போக நான் மட்டும் கிளம்பினேன்.

லுவாங்போ மண்டபத்தில் ஒலிபெருக்கி வயரைப் பிரித்துப் போட்டு ஏதோ சரிசெய்துகொண்டிருந்தார். காலணியைக் கழற்றி மண்டியிட்டு மூன்று முறை வணங்கிவிட்டு, வரிசரா தண்ணீர் வேண்டும் என்றாள். தெளித்த அதே ஜாடியிலிருந்து.

"யாருக்கும்மா ஒடம்பு சரியில்ல?" என்றார் அவர்.

"செடிக்குங்க சாமி" என்றேன் நான்.

அவருக்கு அதில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை. பிக்குகள் பெண் கையிலிருந்து நேராக வாங்கக் கூடாது என்பதால் காவித் துணியை முன்னால் விரித்தார். வரிசரா உறை பிரித்த சோதனை பாட்டிலை அதன்மேல் வைத்தாள். ஜாடிக்குள் மெழுகுத் துளிகளும் ஒரு மல்லிகையும் மிதந்தன. அவர் கண்ணை மூடி, முழுதாக ஓதி முடித்த பிறகுதான் அகப்பையால் மொண்டு ஊற்றினார். அவ்வளவு நேரமும் அவள் கைகூப்பியபடி இருந்தாள். மூடியைத் திருகி, சீட்டில் 'நீர் ஆதாரம் எண் இரண்டு' என்று எழுதினாள். அளவு, நூறு மில்லிலிட்டர். அவள் சீட்டை ஒட்டித் துணியில் திரும்ப வைத்ததும், லுவாங்போ பாட்டிலை எடுத்து, பக்கத்திலிருந்த நூல்கண்டிலிருந்து ஒரு முழம் வெள்ளை நூலை அறுத்து, குழந்தை மணிக்கட்டில் காப்பு கட்டுவது போல அதன் கழுத்தில் இரண்டு சுற்றுச் சுற்றி முடிச்சுப் போட்டுவிட்டார்.

மாதிரி பாட்டிலோடு வேறு எதுவும் சேரக் கூடாது. கையேட்டில் நாற்பத்தொன்றாம் பக்கம். எனக்கு மனப்பாடம். அவளுக்கும்தான்.

வண்டியின் பின்கதவைத் திறந்து அவள் வெகுநேரம் பாட்டிலைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். அவள் கட்டைவிரல் அந்த முடிச்சின்மேல் இருந்தது. பிறகு அப்படியே ஐஸ் பெட்டிக்குள் இறக்கி, மூடியை அழுத்திச் சாத்தினாள். வண்டி செம்மண் ரோட்டில் ஏறித் திரும்பும்போது பின்கண்ணாடி வழியே தெரிந்தது: பெட்டியின் மூடியிடுக்கில் சிக்கி வெளியே நீண்டிருந்த நூல்முனை, குலுங்கலுக்குக் குலுங்கல் ஆடிக்கொண்டே போனது.