பெரியம்மாவின் கைப்பட்டை

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். கார் ஓட்டக் கற்றுத்தரும் பள்ளி நடத்துகிறவளுக்குப் பொறுமை இருக்கும் என்று எவன் சொன்னானோ தெரியவில்லை. நாள் முழுக்கப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து, "கிளட்ச்ச விடாதீங்க, விடாதீங்க" என்று கத்திவிட்டு, சாயங்காலம் வீட்டுக்கு வந்து சுவரையும் திட்டுகிற ஜென்மம் நான். அப்படிப்பட்டவள் போன ஞாயிற்றுக்கிழமை வாயைத் திறக்காமல் இருந்தேன். கையையும் தூக்காமல் இருந்தேன். எல்லாரும் இப்போது என்னை நல்லவள் என்கிறார்கள்.

எங்கள் குடும்பத்துக்கு ஒரு ஹாக்கி அணி உண்டு. சொந்தம் என்று சொன்னால் பெரிய இடம் என்று நினைத்துவிடாதீர்கள். தாத்தா பூட்டுத் தொழிற்சாலை வைத்திருந்தார். வேலை முடிந்ததும் ஆட்கள் சீட்டாடிச் சண்டை போட்டுக்கொள்கிறார்கள் என்று, சரக்கு லாரி திரும்பும் காலி இடத்தில் கோல் கம்பம் நட்டு, கையில் ஸ்டிக்கைக் கொடுத்தார். சண்டை குறையவில்லை. ஆனால் அணி தேறிவிட்டது. சம்பளம் கொடுத்து ஆடவைக்கும் தொழில்முறை லீக் வந்தபோது 'பூட்டுக்காரர்கள்' அதில் சேர்ந்தார்கள். அணி ஒரு கம்பெனியாக இருந்தால்தான் சேர முடியும் என்றதும் தாத்தா அதை மூன்றாகப் பங்கு போட்டார். பெரும்பங்கு குடும்பத்துக்கு, ஒரு பங்கு ஆட்டக்காரர் சங்கத்துக்கு, மிச்சம் ரசிகர் சங்கத்துக்கு. தொழிற்சாலை மூடிப் பல வருஷம் ஆகிவிட்டது, தாத்தாவும் போய்விட்டார், அணி மட்டும் நிற்கிறது.

குடும்பப் பங்கை வெளியாளுக்கு விற்பதென்றால் தாத்தா ஒரு முறை வைத்திருந்தார். கூட்டம் மைதானத்தின் படிக்கட்டில் நடக்கவேண்டும். தலைவர் விஷயத்தைச் சொல்லி, மறுப்பு உண்டா என்று கேட்பார். குடும்பத்தில் ஒரு கை மேலே போனால் போதும், விற்பனை இல்லை. வராதவர் சம்மதித்ததாகவே கணக்கு. கூட்டத்துக்கு வராமல் இருந்துவிட்டுப் பிறகு மூக்கால் அழுகிறவர்களைக் கண்டால் தாத்தாவுக்கு ஆகாது. பங்குள்ள ஒவ்வொருவருக்கும், ஆட்டத்தில் கேப்டன் கையில் மாட்டுகிற மாதிரி ஒரு துணிப்பட்டை கொடுத்திருந்தார். நிஜமாகவே வரமுடியாதவர், தன் பட்டையை இன்னொருவர் கையில் கட்டி அனுப்பலாம். ஆளுக்கொரு நிறத்தில் பட்டை. பட்டை கட்டிய கை, கட்டிவிட்டவரின் கை. அவசரத்தில் யாரும் முடிவெடுக்கக்கூடாது என்று இன்னொன்றும் வைத்தார். தலைவர் கேட்டபின், அணியின் கேப்டன் ஒரு கோல் கம்பத்திலிருந்து எதிர்க் கம்பம் வரை நடப்பார். அவர் போய்ச் சேரும்வரை கை தூக்க நேரம் உண்டு.

குடும்பத்தில் இப்போது மூன்று பட்டை. மாமா அணியின் தலைவர். பெரியம்மா அவருக்கு அக்கா. அம்மா இறந்தபின் அவள் பங்கு எனக்கு வந்தது.

இப்போது குடும்பப் பங்கை வாங்க வந்தவர்கள் அணியைக் கடற்கரைப் பக்கம் வேறு ஊருக்குக் கொண்டுபோகப் போகிறார்கள் என்பது ஊருக்கே தெரியும். மாமா பாவம், நொந்துபோயிருந்தார். ஆட்டக்காரப் பையன்களுக்குச் சம்பளம் தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது. தன் வீட்டை அடகு வைத்து இத்தனை நாள் ஓட்டிவிட்டார். அப்பா எங்களை விட்டுப் போனபின் எனக்குப் பள்ளிச் சம்பளம் கட்டியவர் அவர். பயிற்சிப் பள்ளிக்கு முதல் காரை வாங்கித் தந்தவரும் அவர்தான். நான் மறுக்கமாட்டேன் என்று அவரிடம் முன்பே சொல்லிவிட்டேன்.

பெரியம்மா சங்கதி வேறு. அவளுக்குப் பிள்ளை இல்லை. அணிக்குப் புதிதாக வருகிறவன் எவனாக இருந்தாலும், அறை கிடைக்கும்வரை அவள் வீட்டு மாடியில்தான் தங்குவான். விடிந்ததும் மாடிப்படியில் ஷூ சத்தம் கேட்கவேண்டும் அவளுக்கு. எவன் முட்டியில் என்ன காயம், எவனுக்கு வீட்டிலிருந்து போன் வரவில்லை, எல்லாம் அத்துப்படி. அணி போய்விட்டால் அந்த மாடியில் எலி ஓடும், அவ்வளவுதான்.

கூட்டத்துக்கு முந்தின வாரம் குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை உடைத்துக்கொண்டாள். ஆஸ்பத்திரிக்குப் பார்க்கப் போனபோது தலையணைக்கு அடியிலிருந்து அவளுடைய மஞ்சள் பட்டையை எடுத்து, கேட்காமலேயே என் இடது கையில் மாட்டினாள்.

"நீ இருக்கறதால எனக்கு நிம்மதிடி. உன் வாய்க்குப் பயந்தே எவனும் ஒண்ணும் பேச மாட்டான். ஒரு தடவ தூக்கினா போதும்."

அங்கேயே சொல்லியிருக்கவேண்டும். பெரியம்மா, நான் மாமாவுக்கு வாக்குக் கொடுத்துவிட்டேன், வேறு ஆளைப் பார் என்று சொல்லியிருந்தால், ரசிகர் சங்கச் செயலாளர் கையில் கட்டியிருப்பாள். அவ்வளவு சுலபம். நான் மென்று முழுங்கினேன். என் சொந்தக் கை கீழே, அவள் கை மேலே, இரண்டு பேருக்கும் துரோகம் இல்லை என்று கார் ஓட்டிக்கொண்டே எனக்கு நானே சமாதானம் சொன்னேன். பெரிய புத்திசாலி என்ற நினைப்பு.

கூட்டத்தன்று மாமா என் கையில் மஞ்சளைப் பார்த்தார். என்னை ஆட்டச் சாமான்கள் வைக்கும் அறைக்குள் கூப்பிட்டார். அந்த அறையில் எப்போதும் ஈரக் காலுறை நாற்றம். கோல் கீப்பர் குடும்பத்தை வீட்டுக்காரர் காலி பண்ணச் சொல்லிவிட்டார் என்று சொன்னார். தன் வீட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. கெஞ்சவும் இல்லை. கெஞ்சியிருந்தால் எனக்குக் கோபம் வந்திருக்கும், பிழைத்திருப்பேன்.

"அக்காவோட கை அது. நீ தூக்கினா நான் உன்ன ஒண்ணும் சொல்ல மாட்டேம்மா. ஆனா நாளைக்கு அந்தப் பசங்க மூஞ்சியப் பாத்து நான் என்ன பேசறது? அத மட்டும் சொல்லிக் குடுத்துட்டுப் போ."

நான் வெளியே வந்து முன்வரிசையில் உட்கார்ந்தேன்.

படிக்கட்டு நிறைய ஜனம். ரசிகர் சங்கச் செயலாளர் தொழிலில் எலக்ட்ரீஷியன். ஆட்டத்துக்கு ஆட்டம் விசில் ஊதி நடுவரைக் குழப்புவதால் எல்லாருக்கும் அவர் 'விசில்'தான். என் கையில் மஞ்சளைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. பக்கத்தில் இருந்தவரிடம் சாடை காட்டினார். அவர் இன்னொருவரிடம். வரிசை வரிசையாக ஜனம் நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்ததை நான் பார்த்தேன்.

மாமா மறுப்பு உண்டா என்று கேட்டார். கேப்டன் நடக்க ஆரம்பித்தான். ஆறடிக்கு மேல் உயரம், 'நெட்டை' என்று கூப்பிடுவோம். அவனும் பெரியம்மா மாடியில் இருந்தவன்தான். அப்போதுதான் டர்ஃப் புல்தரைக்குத் தண்ணீர் அடித்திருந்தார்கள், அவன் ஷூ சளக் சளக் என்றது. நான் இடது கையை வலது கையால் மடியில் அழுத்திப் பிடித்திருந்தேன். தூக்கு, தூக்கு என்று மனசு அடித்துக்கொண்டது. கோல் கீப்பரின் மனைவி ஞாபகம் வந்தாள். மாமா தண்ணீர் குடித்தார், பாதி சட்டையில் ஊற்றிக்கொண்டார்.

நடுக்கோட்டுக்கு வந்தபோது நெட்டை நின்றான். குனிந்து ஷூ நாடாவை அவிழ்த்து, மறுபடி கட்டினான். எனக்காகத்தான் அந்தத் தாமதம் என்று எனக்கு இப்போதும் படுகிறது. பிறகு எழுந்து, முன்பைவிட மெதுவாக நடந்தான். பின்னால் யாரோ, "அம்மா, கை" என்று மெல்ல ஞாபகப்படுத்தினார். நான் மறந்துவிட்டேன் என்று நினைத்தார் போலிருக்கிறது. நெட்டை எதிர்க் கம்பத்தைத் தொட்டான். அதற்கப்புறம் படிக்கட்டிலிருந்து வந்த சத்தத்தை நான் சொல்லமாட்டேன். என் தாத்தா வரை இழுத்தார்கள்.

பட்டையைக் கழற்றக்கூடத் தோன்றாமல் நேரே ஆஸ்பத்திரிக்குப் போனேன். எனக்கு முன்னால் விசில் வந்து கட்டில் பக்கம் நின்றிருந்தார். மூச்சு வாங்கியது அவருக்கு.

"அவங்க கையில உங்க பட்டை இருந்துச்சும்மா. என் ரெண்டு கண்ணால பாத்தேன். நெட்டை போய்ச் சேர்ற வரைக்கும் பாத்துக்கிட்டே இருந்தேன். அசையல அவங்க."

பெரியம்மா வாசலில் நின்ற என்னைப் பார்த்தாள். அவள் முகம் சட்டென்று கிழவியின் முகம் ஆனது. அவளுக்கு எழுபது தாண்டிவிட்டது, ஆனால் அதுவரை நான் அவளைக் கிழவியாகப் பார்த்ததில்லை. திட்டட்டும் என்று காத்திருந்தேன். செவிட்டில் அறையட்டும், பக்கத்துக் கட்டில்காரர்கள் எழுந்து வந்து வேடிக்கை பார்க்கட்டும்.

"அவள எதுக்குப் பேசற?" என்றாள் விசிலிடம். "நான்தான் தூக்க வேண்டாம்னு சொன்னேன்."

விசிலுக்குப் புரியவில்லை. தூக்காமல் இருப்பதற்கு எதற்குப் பட்டை கட்டி அனுப்பவேண்டும் என்று கேட்டார். சரியான கேள்வி. கட்டும்போது ஒரு மனசாக இருந்தது, அப்புறம் தம்பி படும் பாட்டை நினைத்துக் காலையில் போன் பண்ணி மாற்றிச் சொல்லிவிட்டேன் என்றாள் பெரியம்மா. தடுமாறாமல், வாய் கூசாமல் சொன்னாள். விசில் என் பக்கம் திரும்பினார்.

"அப்படியாங்க?"

எனக்கு இன்னொரு தடவை நேரம் கிடைத்தது. நெட்டை இல்லை, மாமா இல்லை, கோல் கீப்பர் குடும்பம் இல்லை. யாரையும் காப்பாற்ற வேண்டியதில்லை, என்னைத் தவிர. நான் தலையாட்டினேன்.

விசில் பெரியம்மாவிடம் போய்வருகிறேன் என்றுகூடச் சொல்லவில்லை. என்னிடம் வந்து, "மன்னிச்சுக்கங்க. விஷயம் தெரியாம உங்களக் கன்னாபின்னான்னு பேசிட்டோம்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஏன் இப்படிச் செய்தாய் என்று அழுதேன். நீ இந்த ஊரில்தானே பள்ளி நடத்திப் பிழைக்கவேண்டும் என்றாள். என் கையிலிருந்து பட்டையைக் கழற்றக் கை நீட்டினாள், எட்டவில்லை. நானே கழற்றிக் கொடுத்தேன். வாங்கித் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டு, சுவர்ப்பக்கம் திரும்ப முயன்றாள். இடுப்பு திரும்பவிடவில்லை. நான் இருக்கும் பக்கமே முகத்தை வைத்துக்கொண்டு கண்ணை மூடிக்கொண்டாள்.

விசில் போய் எல்லாரிடமும் சொல்லியிருக்கிறார். மறுநாளிலிருந்து தெருவில் எனக்கு வணக்கம் பழையபடி வருகிறது, முன்பைவிடக் கூடுதலாகவே வருகிறது. அவளைப் பார்க்க யாரும் போவதில்லை. ஆட்டக்காரர்கள் வருவார்கள் என்று வாசலைப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள் என்று நர்ஸ் சொன்னாள். மாடியில் இருந்த பையன்கூடப் பெட்டியை எடுத்துக்கொண்டு வேறு இடம் போய்விட்டானாம்.

இன்று காலை பயிற்சிப் பள்ளிப் பெயர்ப்பலகையில் விளக்கு எரியவில்லை. சொல்லாமலேயே விசில் ஏணியோடு வந்து சரி பண்ணினார். காசு கொடுத்தேன், கையெடுத்துக் கும்பிட்டு மறுத்துவிட்டார்.

"அந்தப் பொம்பள பண்ண துரோகத்துக்கு நீங்க எதுக்குங்க ஏச்சு வாங்கணும்?" என்றார்.

நான் அவருக்கு டீ போட்டுக் கொடுத்தேன். சர்க்கரை போதுமா என்று கேட்டேன்.