அறுசுவை வகுப்பின் முதல் கப்பல்

எங்கள் கப்பல் கட்டும் தளத்தில் முதலில் இலையைப் போடுவார்கள். அடித்தகடு, விலா, எந்திர அறை எல்லாம் பிறகு.

இலை இரும்பினால் ஆனது. பச்சைப் பெயின்ட் அடித்தது. அதன் நுனி கப்பலின் முகப்பில் இருக்கும். காம்பு பின்னால் சுக்கானுக்கு மேலே போய் முடியும். இலையின் இரண்டு பக்கமும் ஆட்களை உட்கார வைத்துச் சாப்பாடு போடுவார்கள். முழங்கையும் முழங்கையும் இடிக்காமல் அவர்கள் உட்கார எவ்வளவு இடம் வேண்டுமோ அதுதான் கப்பலின் நீளம். அவர்களைச் சுற்றித்தான் கப்பலைக் கட்டுவோம். உல்லாசக் கப்பலை வேறு எப்படிக் கட்டுவது என்று எனக்குத் தெரியாது.

இந்த வகைக் கப்பல்களுக்கு அறுசுவை வகுப்பு என்று பெயர். மொத்தம் ஐந்து. ஒன்றைவிட அடுத்தது பெரிது. நான் வரைபடப் பிரிவில் இருக்கிறேன். கதவு, தாழ்ப்பாள், கீல் ஆகியவை என் பொறுப்பு.

முதல் கப்பலின் இலையில் என் மனைவி செண்பகம் உட்கார்ந்திருக்கிறாள்.

ஒரு வேளைச் சாப்பாடு என்றுதான் கூப்பிட்டார்கள். வலது வரிசையில் ஓர் இடம் காலியாக இருந்தது. காலி இடத்தோடு அளவெடுத்தால் கப்பல் கோணிக்கொள்ளும் என்றார் தலைமை இன்ஜினியர் மிராண்டா. ஊழியர் வீட்டிலிருந்து யாரையாவது வரச் சொன்னார். செண்பகம் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்தாள். அப்போது நல்ல வெயில். இப்போது மழைக்காலம். அவள் தலைக்கு மேலே பத்து மாடி எழும்பிவிட்டது.

தினமும் மத்தியானம் அவளைப் பார்க்கப் போவேன். போகிற வழியிலேயே எனக்குக் குமட்டும். வெல்டிங் புகையும் நெய் வாசனையும் சேர்ந்தால் என்ன வாசனை வருமோ அது அங்கே இருந்தது. சாம்பார் குழாயில் வந்தது. குழாயின் மூட்டுகளில் கசிந்து, காய்ந்து, பொருக்குத் தட்டியிருந்தது. வழிந்த பாயசம் கப்பலின் அடியில் தேங்கி நின்றது. அதன் மேல் ஆடை படிந்திருந்தது. வெல்டர்கள் அந்த ஆடையை வழித்து ஓரமாகப் போட்டுவிட்டு வேலை செய்தார்கள்.

பரிமாறுகிறவர்கள் சைக்கிளில் வருவார்கள். இலையின் மேலேயே ஓட்டுவார்கள். சோற்றில் சக்கரத்தின் தடம் பதியும். அந்தத் தடத்திலேயே குழம்பை ஊற்றுவார்கள். யாரும் முகம் சுளிக்கவில்லை. நான் மட்டும் சுளித்தேன்.

"எந்திரிச்சு வா," என்றேன்.

"எப்படி எந்திரிக்க? இலைய மூடலையே," என்றாள் செண்பகம்.

"கையக் கழுவிட்டு வா. யாரு கேக்கப் போறா?"

"பந்தியில பாதியில எந்திரிச்சா நாலு பேரு என்ன நெனப்பாங்க? நீங்க வேற இங்க வேலை பாக்கீங்க."

அவள் இலையின் ஓரத்தைப் பிடித்துத் தூக்கிப் பார்த்தாள். இரும்பு அசையவில்லை. கை வழுக்கியது.

"போதும்னு சொல்லு."

"சொல்லுதேனே. போதும்னா ரெண்டு கரண்டி. வேண்டாம்னா மூணு கரண்டி."

அவளுக்கு அடுத்து ஓய்வுபெற்ற தாசில்தார் ஒருவர் இருந்தார். அவர் சைக்கிள்காரனைப் பார்த்து, "இந்தம்மாவுக்குப் பாயசம்," என்றார். அவளுக்கு ஊற்றினார்கள். அவருக்கும் ஊற்றினார்கள். அது அவர் முழங்கை வரை வழிந்தது. அவர் நாக்கை நீட்டி அங்கிருந்து மணிக்கட்டு வரை ஒரே இழுப்பில் நக்கினார். நாக்கு அவ்வளவு நீளமாக இருந்தது. நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன். அந்தப் பக்கமும் அதுவேதான் நடந்துகொண்டிருந்தது.

"வீட்ல மாவு ஆட்டி வச்சிட்டு வந்தேன்," என்றாள் செண்பகம்.

"பொங்கிருச்சு."

"எவ்வளவு?"

"வாசல் வரைக்கும்."

"உப்பு போட்டீங்களா?"

"போட்டேன்."

சைக்கிள்காரன் தள்ளிப் போகும்வரை அவள் பார்த்திருந்தாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "வெள்ளிக்கெழம மேல மூடிருவாங்களாமே," என்றாள். "ஏங்க, எனக்கு மூச்சு முட்டுது. என்னைய வெளியில கூட்டிட்டுப் போயிருங்க."

வெள்ளிக்கிழமை கடைசித் தகட்டைப் போடுவதாக இருந்தார்கள். மூடிய பிறகு இலையில் இருப்பவர்கள் கப்பலின் பாகம். பாகத்தைக் கழற்ற விதி இல்லை.

நான் மிராண்டாவிடம் போனேன். அவர் தளத்தில் நின்று, கப்பலின் பக்கவாட்டில் சிவப்புக் கோட்டை அழித்து இன்னும் மேலே போடச் சொல்லிக்கொண்டிருந்தார். கப்பல் எதுவரை தண்ணீரில் அமிழும் என்று காட்டும் கோடு அது. தினமும் காலையில் ஏற்றுவார்கள். அன்று அது மூன்றாவது மாடியின் சன்னல்களைத் தாண்டியிருந்தது.

"இலை நடுவுல ஒரு கீல் போடலாம் சார்," என்றேன். "நடு நரம்பு நெடுக. அப்ப இலை மடியும்."

"மடிஞ்சா எந்திரிச்சிருவானுவளே."

"எந்திரிக்கலைன்னா மிதக்காது சார்."

"யாருவே சொன்னா?"

"நேத்து தண்ணி விட்டுப் பாத்தோம். தண்ணி மேல வந்துச்சு. கப்பல் வரல."

மிராண்டா வாயில் எதையோ மென்றுகொண்டிருந்தார். மென்றதை வெளியே எடுத்துப் பார்த்தார். திரும்ப உள்ளே போட்டுக்கொண்டார்.

"சரி, போடும்," என்றார்.

நான் கீலை வரைந்தேன். அந்த மாதங்களில் என் கையிலிருந்து வந்த சுத்தமான பொருள் அது ஒன்றுதான். எண்ணெய் தவிர எதுவும் அதில் ஒட்டாது. செய்து மாட்டிவிட்டார்கள். செண்பகம் வெள்ளிக்கிழமைக்குள் வெளியே வந்துவிடுவாள் என்று நம்பினேன்.

வியாழக்கிழமை சம்பிரதாயப் பிரிவிலிருந்து உலகம்மாள் வரைபடப் பிரிவுக்கு வந்தார்; மிராண்டாவும் கூட வந்தார். அவர் சம்மதம் இல்லாமல் எங்கள் தளத்திலிருந்து ஒரு படகுகூடக் கிளம்பாது. அவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வரைபடத்தைப் பார்த்தார்.

"எந்தப் பக்கமா மடியும்?"

"எந்தப் பக்கம் வேணும்னாலும் மடியும்மா," என்றேன். எனக்கு அதில் கொஞ்சம் பெருமை இருந்தது.

"நல்லா இருக்கே கதை. தன் பக்கமா மடிச்சா கல்யாணச் சாப்பாடு. எதிர்ப்பக்கமா மடிச்சா துஷ்டிச் சாப்பாடு. நீரு எந்த ஊர்ல சாப்பிட்டு வளந்தீரு?"

எல்லாரும் எழுந்து வந்து கீலின் படத்தை எட்டிப் பார்த்தார்கள். இலைக்கு இரண்டு வரிசை. இடது பக்கம் மடித்தால் இடது வரிசைக்குத் தன் பக்கம். வலது வரிசைக்கு அது எதிர்ப்பக்கம். அத்தனை பேரும் கல்யாண வீட்டிலும் இழவு வீட்டிலும் சாப்பிட்டுத்தான் வளர்ந்திருந்தோம். ஒருத்தருக்கும் இது உறைக்கவில்லை.

"இடது வரிசையில யாரு?" என்று உலகம்மாள் கேட்டார்.

"முதலாளியோட சொந்தக்காரங்க," என்றார் மிராண்டா.

"அப்ப இடது பக்கமா மடிங்க. வலது வரிசைக்கு ஒரு சாவு வேணும்."

"சாவு இல்லாம மடிச்சா?"

"ஒண்ணும் நடக்காமயே துஷ்டிச் சாப்பாடு சாப்பிட்டதா ஆயிரும். கப்பலுக்கு ஆகாது. நான் ஒத்துக்கிட மாட்டேன்."

மிராண்டா அறையைச் சுற்றிப் பார்த்தார். என்னோடு பல வருடம் டீ குடித்தவர்கள் எல்லாரும் குனிந்து கோடு போட ஆரம்பித்தார்கள். ஒருவர் ஏற்கெனவே போட்ட கோட்டின் மேலேயே திரும்பத் திரும்பப் போட்டார். எனக்கு அவர்களைப் பார்க்கவும் அருவருப்பாக இருந்தது. தாசில்தாரின் நாக்கை நினைத்தேன். அது அவள் பக்கத்திலேயே கடல் முழுக்கச் சுற்றப்போகிறது என்று நினைத்தேன்.

"நான் இருக்கேன்," என்றேன்.

உலகம்மாள் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அந்த வரிசையில உமக்கு யாரு இருக்கா?"

"சம்சாரம்."

"ரொம்பப் பொருத்தம். அழுறதுக்கு முறையான ஆள் ஒண்ணு வேணும்லா."

"நான் என்ன செய்யணும்?"

"செத்தவரு என்ன செய்வாரு? ஒண்ணும் செய்யக் கூடாது. பேசக் கூடாது. கூப்பிட்டாத் திரும்பக் கூடாது."

"எத்தனை நாளைக்கு?"

அவர் கண்ணாடியைக் கழற்றினார். "எத்தனை நாளைக்குன்னா?" என்று கேட்டார்.

"அவகிட்ட முன்னாடியே ஒரு வார்த்தை சொல்லிரலாமா?"

"சொன்னா அழுகை சரியா வராது."

வெள்ளிக்கிழமை காலையில் கப்பலுக்குள்ளேயே, இறங்கு ஏணியின் மேல்முனைக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு என்னை உட்கார வைத்தார்கள். மாலை போட்டார்கள். தாடையைக் கட்டினார்கள். மூக்கில் பஞ்சு வைத்தார்கள். பல மாதங்களில் முதல்முறையாகச் சாம்பார் வாசனை நின்றது. நன்றி சொல்ல வேண்டும் போலிருந்தது. பேசக் கூடாது.

கிரேன் இலையின் வலது பாதியைத் தூக்கியது. கீல் சத்தமே போடவில்லை. சோறு சரிந்தது. மென்று துப்பிய முருங்கைக்காய்ச் சக்கை, கறிவேப்பிலை, மாங்கொட்டை, நனைந்த அப்பளம் எல்லாம் மெதுவாக வழுக்கிக்கொண்டு வந்து இடது வரிசையின் மேல் விழுந்தன. முதலாளியின் சொந்தக்காரர்கள் அடுத்த பதார்த்தம் வருகிறது என்று நினைத்தார்கள். வாயைத் திறந்து வாங்கிக்கொண்டார்கள். ஒரு அம்மாள், "இது நேத்தவிட நல்லாருக்கு," என்றார். செத்தவன் வாந்தி எடுக்கக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. ஆனாலும் அடக்கிக்கொண்டேன்.

இலை மூடியது.

வலது வரிசையில் சத்தம் நின்றது. யாரோ விஷயத்தைச் சொன்னார்கள். தாசில்தார் விரலை வாயிலிருந்து எடுக்காமலேயே அழுதார். ஒவ்வொருவராக எழுந்து ஏணியில் இறங்க ஆரம்பித்தார்கள். இடது வரிசை மென்றுகொண்டே உட்கார்ந்திருந்தது. பாரம் குறையக் குறையக் கப்பல் இடது பக்கம் சாய்ந்துகொண்டு மேலே வந்தது.

"மிதக்குது," என்றார் மிராண்டா. எல்லாரும் கை தட்டினார்கள். அவர் என் காதருகே குனிந்து, "அடுத்த இலை இதவிட நீளம். அதுக்கு ஒரு சாவு பத்தாது," என்றார். பிறகு வரைபடப் பிரிவு நின்ற திசையைப் பார்த்தார். எல்லாரும் கை தட்டுவதை நிறுத்திவிட்டுத் தரையைப் பார்த்தார்கள்.

செண்பகம் குழாயடியில் கை கழுவினாள். நெய் போகவில்லை. புடவைத் தலைப்பில் தேய்த்தாள். திரும்பக் கழுவினாள். பக்கத்தில் நின்றவர்களிடம், "யாரு, யாரு?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள். ஒருவர் நாற்காலியைக் காட்டினார்.

அவள் வந்தாள். ஊதியிருந்தாள். புடவையின் முந்தானை தோள்வரை எட்டவில்லை. நடக்க மறந்தவள் போலக் காலைத் தேடித் தேடி வைத்தாள். என்னைப் பார்த்தாள். முதலில் சத்தமாக அழுதாள். உலகம்மாள் தலையை ஆட்டி அதை ஒத்துக்கொண்டார். பிறகு சத்தம் இல்லாமல் அழுதாள். அது யாருக்கும் தேவைப்படவில்லை. கப்பலுக்கு முதல் அழுகையே போதும்.

அவள் என் மாலையைச் சரிசெய்தாள். கை இன்னும் பிசுபிசுத்தது. எத்தனையோ மாதம் கழித்துத் தொடுகிறாள். எனக்கு அது அருவருப்பாக இல்லை.

"எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிருக்கலாம்லா," என்றாள்.

நான் நேராகப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எறங்கும்மா. மேல மூடப் போறோம்," என்று கிரேன்காரர் கத்தினார். தகடு ஏற்கெனவே ஆகாயத்தில் பாதி தூரம் வந்திருந்தது. வலது வரிசை ஆட்கள் ஏணியில் இறங்கிக்கொண்டிருந்தார்கள். ஒருவரும் ஒருவரிடமும் விடைபெறவில்லை.

செண்பகம் ஏணியில் கால் வைத்தாள். நின்றாள். திரும்பினாள். அது பழக்கம். தெருமுனைக் கடைக்குப் பால் வாங்கப் போனாலும் வாசலில் நின்று திரும்பி, போயிட்டு வாரேன் என்று சொல்லாமல் அவள் போனதில்லை. கல்யாணமான நாளிலிருந்து ஒரு தடவைகூட விட்டதில்லை. நான் பேப்பர் படித்துக்கொண்டு உம் என்பேன்.

அவள் வாயைத் திறந்தாள். முதல் எழுத்துக்கு உதடு குவிந்ததை நான் பார்த்தேன்.

இழவு வீட்டிலிருந்து கிளம்பும்போது அப்படிச் சொல்லக் கூடாது. அவளுக்கு அது ஞாபகம் வந்துவிட்டது. உதட்டை மூடிக்கொண்டு, கைப்பிடியைப் பிடித்து, ஒவ்வொரு படியாக இறங்கிப் போனாள்.