பத்து சதவீத சீரம்

ஆய்வுக்கூடத்துக்குச் செல் வளர்ப்புக்கான சீரம் கொண்டுவரும் விற்பனைக்காரர் நல்ல மனுஷர்தான். சரக்கின் தரத்தைப் புகழ்கிறேன் பேர்வழி என்று அன்றைக்கு வாயைத் திறந்ததுதான் வினை.

“தாய் வயித்துக்குள்ள இருக்கிற கன்னுக்குட்டி, மேடம். தாயை வெட்டினதும் அதை எடுத்து, இங்க ஊசி,” என்று தன் விலா எலும்புகளுக்கு நடுவே விரலை வைத்துக் காட்டினார். “நேரா இதயத்துலேருந்து எடுத்த ரத்தத்துல பிரிச்சது. அதான் உங்க செல்லுங்க கொழுகொழுன்னு வளருது.”

ஒன்பது வருஷமாக அந்தப் புட்டிகளைத் திறந்து மூடிய டெக்னீஷியனுக்கு இது தெரியாதா என்ன? ஆனால் அந்த விரலை அவள் பார்த்ததில்லை. இப்போது வயிற்றில் ஐந்து மாதம் வேறு. தேன் நிறத்தில் உருகி வழவழக்கும் சீரத்தைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மூன்று முறை சோப்புப் போட்டாலும் விரலில் ஒட்டியிருப்பதாகவே பட்டது.

வெள்ளிக்கிழமை பொறுக்க முடியவில்லை. சீரம் கலக்காத ஊட்டநீர் புதிதாக வந்திருந்தது. யாரையும் கேட்காமல் எல்லா ஃபிளாஸ்க்கிலும் அதையே ஊற்றிவிட்டாள். அத்தனையும் அவள் கணவன் தன் ஆய்வேட்டுக்காக மூன்று வருஷம் வளர்த்த செல்கள்.

திங்கட்கிழமை மைக்ரோஸ்கோப்பில் குனிந்தவன் நிமிரவே இல்லை. அவளும் பார்த்தாள். அடியைப் பற்றிப் படர்ந்திருக்க வேண்டிய செல்கள் சுருங்கி உருண்டு, பாத்திரம் கழுவின தண்ணீரில் பருக்கை மாதிரி மிதந்தன.

விற்பனைக்காரரின் விரல் உட்பட எல்லாவற்றையும் சொன்னாள்.

“குழந்தைக்கே ஒரே நாள்ல பாலை மறக்கடிக்க முடியாது,” என்றான் கடைசியில். “சீரத்தைப் பத்து, அஞ்சு, ரெண்டு சதவீதம்னு கொஞ்சம் கொஞ்சமாத்தான் குறைக்கணும். உனக்குத் தெரியாததா?”

“தெரியும். அருவருப்பு கண்ணை மறைச்சிடுச்சு.”

நைட்ரஜன் தொட்டியில் உறைந்த செல்கள் ஒரே ஒரு குப்பி மிச்சம். அவை கண்விழிக்க முழுப் பத்து சதவீதம் சீரம் வேண்டும். அவளை வெளியே போகச் சொல்லிவிட்டுப் புட்டியை எடுத்தான்.

அவள் போகவில்லை. அவன் கையிலிருந்து புட்டியை வாங்கி, மூச்சைப் பிடித்துக்கொண்டு பைப்பெட்டை இறக்கினாள். மஞ்சள் மெல்ல ஏறியது. அந்த நேரம் பார்த்து உள்ளே பிள்ளை உதைத்தது. கலந்து மூடி, இன்குபேட்டர் கதவைச் சாத்திய பிறகுதான் கழிவறைக்கு ஓடினாள்.

பின்னாலேயே வந்து நெற்றியைத் தாங்கிப் பிடித்துக்கொண்டான். “செல்லுங்க பொழைச்சுக்கிட்டா, அடுத்த வாரத்துலேருந்து சீரத்தைக் குறைச்சுக்கலாம்மா.”

“அதுவரைக்கும் எத்தனை புட்டி?”

“மூணு ஆகும்.”

அவள் மறுபடியும் குனிந்தாள்.